எம்டன் தண்ணீரில் இறங்கிய வாரம்: நட்புறவுச் சங்கங்கள் பற்றி ஓர் எளிய விளக்கம்

சென்னை உயர் நீதிமன்றத்தின் கிழக்குச் சுற்றுச்சுவர் ஓரம் ஒரு கல்வெட்டு இருக்கிறது. 1914 செப்டம்பர் 22 இரவு எம்டன் என்ற ஜெர்மன் போர்க்கப்பல் நகரத்தின்மேல் குண்டு வீசியதை நினைவுபடுத்தும் கல். அன்றிரவு துறைமுகத்துப் பக்கம் எண்ணெய்த் தொட்டிகள் பற்றி எரிந்தன. மூட்டை கட்டிக்கொண்டு ஊரை விட்டுக் கிளம்பியவர்கள் ஏராளம். 'அவன் சரியான எம்டன்' என்று இன்னும் சொல்கிறோமே, அந்த எம்டன் இதுதான்.

கப்பல் வந்த தேதி பலருக்குத் தெரியும். கப்பல் பிறந்த தேதியைப் பற்றி யாரும் அதிகம் பேசுவதில்லை. 1908 மே 26 அன்று டான்சிக் கப்பல் கட்டும் தளத்தில் எம்டன் முதன்முதலாகத் தண்ணீரில் இறங்கியது. ஏறக்குறைய அதே நாட்களில் நூற்றுக்கும் மேற்பட்ட ஜெர்மன் பாதிரிமார்கள் லண்டனுக்கு விருந்தாளிகளாக வந்து இறங்கியிருந்தார்கள். புராட்டஸ்டண்டுகள், கத்தோலிக்கர்கள் எல்லோரும் அந்தக் குழுவில் உண்டு. விருந்து, பிரசங்கம், ஊர் சுற்றல் என்று நாட்கள் போயின. பக்கிங்ஹாம் அரண்மனையில் ஏழாம் எட்வர்ட் மன்னரே அவர்களை வரவேற்றார். இங்கிலாந்தும் ஜெர்மனியும் சண்டை போட்டுக்கொள்ளக் கூடாது என்பதுதான் வந்த நோக்கம்.

இரண்டு அரசுகளில் எதுவும் இதை ஏற்பாடு செய்யவில்லை. சில தனி ஆட்கள் கூடி, கைக்காசு போட்டு, கடிதம் எழுதி நடத்தியது. இந்த மாதிரி அமைப்புகளைத்தான் நட்புறவுச் சங்கங்கள் என்கிறோம்.

இஸ்கஸ் மாதிரி இல்லை

நட்புறவுச் சங்கம் என்றதும் நம்மூரில் கொஞ்சம் வயதானவர்களுக்கு இந்திய-சோவியத் கலாச்சாரக் கழகம் நினைவுக்கு வரும். இஸ்கஸ் என்பார்கள். சோவியத் படம் போடுவார்கள், ரஷ்ய மொழி சொல்லிக் கொடுப்பார்கள். அது ஏற்கெனவே நட்பாக இருந்த இரண்டு நாடுகளுக்கு நடுவே இருந்த சங்கம். ஓடுகிற ஆற்றில் படகு விடுவது போல.

நாம் பார்க்கப்போவது வேறு வகை. இரண்டு அரசுகளும் ஒன்றை ஒன்று சந்தேகத்தோடு பார்க்கின்றன. பத்திரிகைகள் தினமும் எண்ணெய் ஊற்றுகின்றன. போர் இன்னும் வரவில்லை, ஆனால் வரும் என்று எல்லோரும் பேசுகிறார்கள். அந்த நேரத்தில் இரண்டு பக்கத்திலும் சிலர் எழுந்து, 'நாமாவது பேசிப் பார்ப்போம்' என்கிறார்கள். பத்திரிகையாளர் குல்தீப் நய்யாரும் நண்பர்களும் ஆகஸ்ட் 14 இரவில் வாகா எல்லையில் மெழுகுவத்தி ஏற்றினார்களே, அதுவும் இந்த ரகம்தான்.

இந்த வகைக்கு வரலாற்றில் மிக நன்றாகப் பதிவாகியிருக்கும் உதாரணம், முதல் உலகப் போருக்கு முந்தைய பத்து வருடங்களில் இங்கிலாந்தும் ஜெர்மனியும். அதனால் அதையே எடுத்துக்கொள்கிறேன்.

சண்டைக்கு என்ன காரணம்?

சுருக்கமாகச் சொன்னால், கப்பல். ஜெர்மனி 1898லும் 1900லும் சட்டம் போட்டுப் பெரிய கடற்படை கட்டத் தொடங்கியது. தீவு நாடான இங்கிலாந்துக்குக் கடல்தான் கோட்டைச் சுவர். 1906ல் டிரெட்நாட் என்ற புதுமாதிரிப் போர்க்கப்பலை இங்கிலாந்து இறக்கியது. ஜெர்மனியும் அதே மாதிரி கட்டியது. பிறகு நீ எத்தனை, நான் எத்தனை என்று போட்டி. இதற்கு நடுவே மொராக்கோவை வைத்து 1905லும் 1911லும் இரண்டு நெருக்கடிகள் வேறு.

ஊர் இரண்டுபட்டால் கூத்தாடிக்குக் கொண்டாட்டம் அல்லவா? 1906ல் லண்டன் நாளிதழ் ஒன்று, ஜெர்மன் படை இங்கிலாந்துக்குள் நுழைவதாக ஒரு தொடர்கதை போட்டது. கதையில் படை எந்த ஊர்கள் வழியாகப் போக வேண்டும் என்பதில் ராணுவக் கணக்கு இரண்டாம்பட்சம். பத்திரிகை எங்கே நன்றாக விற்குமோ அந்த ஊர்களாகப் பார்த்து வழியை மாற்றினார்கள். பிரஷ்யச் சீருடை மாட்டிய ஆட்களைத் தெருவில் நடக்க விட்டு விளம்பரமும் செய்தார்கள்.

இத்தனைக்கும் இரண்டு நாட்டுக்கும் பழைய பகை கிடையாது. ஜெர்மன் பேரரசர் வில்ஹெல்ம், விக்டோரியா மகாராணியின் பேரன். லண்டன் அரண்மனையில் உட்கார்ந்திருந்த எட்வர்ட் அவருக்குத் தாய்மாமன். வியாபாரமும் அமோகமாக நடந்தது.

யார் இவர்கள்?

1905 கடைசியில் லண்டனில் ஆங்கிலோ-ஜெர்மன் நட்புக் குழு உருவானது. அதன் முகம் ஏவ்பரி பிரபு. வங்கிக்காரர். எறும்பு, தேனீ ஆராய்ச்சியும் செய்தவர். பழைய கற்காலம், புதிய கற்காலம் என்று பள்ளிக்கூடத்தில் படித்தோமே, அந்தப் பாகுபாட்டுக்கு ஆங்கிலப் பெயர்கள் வைத்தவரும் அவர்தான். இங்கிலாந்து மக்களுக்கு அவர் செல்லப்பிள்ளை, ஏனென்றால் 1871ல் நாடாளுமன்றத்தில் மசோதா கொண்டுவந்து வங்கி விடுமுறை நாட்களை வாங்கித் தந்தவர். ஆகஸ்ட் முதல் திங்கட்கிழமை விடுமுறை அதில் ஒன்று. இந்த விடுமுறை மறுபடி கதைக்குள் வரும்.

1906ல் ஜெர்மன் பத்திரிகை ஆசிரியர்கள் கூட்டமாக லண்டன் வந்தார்கள். அடுத்த வருடம் ஆங்கிலேய ஆசிரியர்கள் ஜெர்மனி போனார்கள். தீயை மூட்டுகிறவர்களையே ஒரே பந்தியில் உட்காரவைத்துப் பார்ப்போம் என்ற யோசனை. நல்ல யோசனைதான். சாப்பிட்டுவிட்டுப் போனவர்களில் எத்தனை பேர் எழுத்தை மாற்றினார்கள் என்பது வேறு விஷயம்.

பாதிரிமார் வருகைக்குப் பின்னால் இருந்தவர் ஆலன் பேக்கர். கனடாவில் பிறந்தவர், குவேக்கர் சமயத்தவர். குவேக்கர்கள் எந்தப் போரிலும் ஆயுதம் எடுக்க மாட்டோம் என்ற கொள்கைக்காரர்கள். ரொட்டி சுடும் அடுப்பும் எந்திரமும் செய்கிற தொழிற்சாலை அவருடையது. லண்டனில் நாடாளுமன்ற உறுப்பினராகவும் இருந்தார். ஜெர்மன் பக்கம் அவருக்கு வாய்த்த கூட்டாளி, ஃபிரீட்ரிக் சீக்மண்ட்-ஷுல்ட்ஸே என்ற இளம் பாதிரியார். 1909ல் நூற்றுக்கு மேற்பட்ட ஆங்கிலேயப் பாதிரிமார்கள் பதில் மரியாதையாக ஜெர்மனி போனார்கள். பேரரசர் அவர்களை பாட்ஸ்டாமில் வரவேற்றார். 1911ல் இது நிரந்தரக் கவுன்சிலாக மாறியது. இங்கிலாந்துத் திருச்சபையின் மூத்த பேராயரான கேன்டர்பரி பேராயர் தலைமை. பெர்லினிலிருந்து அடோல்ஃப் ஹார்னாக் என்ற பெரும் இறையியல் பேராசிரியர் வந்து லண்டனில் பேசினார். அவர் பெயரையும் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

என்ன பேசினார்கள், எதைப் பேசவில்லை

ஒரு நட்புறவுச் சங்கம் எப்படி இயங்கும் என்று புரிந்துகொள்ள, 1906 ஜனவரியில் நடந்த ஒரு சின்னச் சம்பவம் போதும். கவுண்ட் ஹாரி கெஸ்லர் என்ற ஜெர்மன் கலை ரசிகர் ஒரு ஏற்பாடு செய்தார். ஜெர்மன் கலைஞர்களும் அறிஞர்களும் கையெழுத்திட்டு ஒரு நட்புக் கடிதம், ஆங்கிலேயக் கலைஞர்களும் அறிஞர்களும் கையெழுத்திட்டு ஒரு பதில் கடிதம். ஆங்கிலக் கடிதத்துக்கு வரைவு எழுதித் தரும்படி பெர்னார்ட் ஷாவைக் கேட்டார்கள். ஷா ஒரு வரி சேர்த்தார்: ஜெர்மன் கடற்படை வளர்வதைப் பார்த்து நாங்கள் பொறாமைப்படவில்லை, நாகரிகத்துக்கு அது இன்னொரு காவல் என்றே நினைக்கிறோம், என்ற பொருளில். அந்த வரியோடு கையெழுத்துப் போட ஆள் கிடைக்கவில்லை. வரியை எடுத்தார்கள். கடிதம் வந்தது. ஷா கையெழுத்திடவில்லை.

கிண்டலுக்குத்தான் எழுதினாரோ என்னவோ, ஷா கை வைத்தது சரியான இடத்தில். ஷேக்ஸ்பியரை ஜெர்மானியர்கள் கொண்டாடுகிறார்கள், பீத்தோவனை நாங்கள் கொண்டாடுகிறோம், லூதர் எல்லோருக்கும் பொது என்று எவ்வளவு வேண்டுமானாலும் பேசலாம். கப்பல் பேச்சை எடுத்தால் சபை கலைந்துவிடும். ஜெர்மன் விருந்தாளிக்குக் கடற்படை என்பது தன் நாட்டு உரிமை. ஆங்கிலேய விருந்தாளிக்குக் கடலில் தானே முதல் என்பது உயிர்ப் பிரச்சினை. அதனால் இரண்டு பேரும் நாசூக்காக ஒதுங்கிக்கொண்டார்கள். வீட்டுக் கல்யாணத்தில் எல்லாரும் சிரித்துப் பேசுவார்கள், பாகப்பிரிவினையைப் பற்றி மட்டும் யாரும் வாய் திறக்க மாட்டார்களே, அந்த மாதிரி.

கப்பலைப் பற்றி நேராகப் பேசிப் பார்த்த தனி ஆட்களும் உண்டு. எர்னஸ்ட் காசல் ஜெர்மனியின் கொலோனில் பிறந்து, இளம் வயதில் இங்கிலாந்துக்கு வந்து, மன்னருக்கே நெருங்கிய நண்பரான வங்கிக்காரர். அவருடைய நண்பர் ஆல்பர்ட் பாலின், ஹாம்பர்கின் மிகப் பெரிய கப்பல் கம்பெனிக்குத் தலைவர். இவர் அந்தப் பக்கம், அவர் இந்தப் பக்கம் என்று தூது போனார்கள். அதன் பலனாக 1912 பிப்ரவரியில் இங்கிலாந்தின் போர்த்துறை அமைச்சர் ஹால்டேன் பெர்லினுக்குப் போனார். அவர் ஜெர்மனியில் படித்தவர், மொழி தெரிந்தவர். நீங்கள் வேறு யாருடனாவது மோதினால் நாங்கள் ஒதுங்கி நிற்போம் என்று இங்கிலாந்து உறுதி தர வேண்டும் என்றது ஜெர்மனி. முதலில் கப்பல் கட்டுவதைக் குறை என்றது இங்கிலாந்து. பேச்சு முறிந்தது. மொழி, நட்பு, நல்ல எண்ணம் எல்லாம் இருந்த ஒருவர் போயும் நடக்கவில்லை.

சங்கங்கள் மக்களின் மனதைத் தொட்டன. போரைத் தொடங்கும் பொறி வேறு இடத்தில் இருந்தது: யார் யாரோடு கூட்டு என்ற ஒப்பந்தங்களில், கடற்படைச் செலவுத் திட்டத்தில், எந்த நாளில் எத்தனை ரயில் எல்லைக்குப் போக வேண்டும் என்று படைத்தலைமை போட்டுவைத்திருந்த அட்டவணையில். அங்கே பாதிரியாருக்கும் ரொட்டி அடுப்பு முதலாளிக்கும் நாற்காலி கிடையாது. மேலும் 1914 கோடையில் சண்டை மூண்டது கப்பலால் அல்ல, பால்கன் பகுதியில் ஆஸ்திரிய இளவரசர்மீது விழுந்த ஒரு துப்பாக்கிச் சூட்டால். ஆங்கிலோ-ஜெர்மன் சங்கங்கள் அந்தத் திசையைப் பார்க்கவே இல்லை.

ஏரிக்கரை ஓட்டல்

1914 ஆகஸ்ட் முதல் வாரம். ஜெர்மனியின் தென்கோடியில், கான்ஸ்டன்ஸ் ஏரிக்கரையில், தீவு ஓட்டல் என்று ஒன்று. பழைய டொமினிக்கன் மடத்தை ஓட்டலாக மாற்றிய கட்டடம். பல நாட்டுத் திருச்சபைக்காரர்கள் அங்கே கூடி, இந்த நட்புறவு வேலையை உலக அளவில் விரிவாக்கத் திட்டம். கத்தோலிக்கர்களுக்கு அடுத்த வாரம் பெல்ஜியத்தில் லியேஜ் நகரில் தனி மாநாடு.

ஆகஸ்ட் 1 சனிக்கிழமை ஜெர்மனி ரஷ்யாமீது போர் அறிவித்தது. வரவேண்டியவர்கள் பலர் பாதி வழியில் திரும்பினார்கள். எண்பது தொண்ணூறு பேர்தான் வந்து சேர்ந்தார்கள். ஞாயிற்றுக்கிழமை கூடி ஜெபித்தார்கள், நாட்டுத் தலைவர்களுக்குச் சமாதான வேண்டுகோள் அனுப்பினார்கள். வெளியே ரயில்கள் எல்லாம் படையை ஏற்றிக்கொண்டு ஓடின. மாநாட்டைப் பாதியில் முடித்துக்கொண்டு திங்கட்கிழமை கிளம்பினார்கள். ஆகஸ்ட் முதல் திங்கள், அதாவது இங்கிலாந்தில் ஏவ்பரி பிரபு வாங்கித் தந்த விடுமுறை நாள். அவர் முந்தைய வருடமே காலமாகியிருந்தார். மறுநாள் இரவு இங்கிலாந்தும் போரில் இறங்கியது. லியேஜில் மாநாடு நடக்கவில்லை, அந்த ஊர்க் கோட்டைகள்மீது ஜெர்மன் பீரங்கிகள் சுட்டுக்கொண்டிருந்தன.

அந்தத் தீவு ஓட்டல் கட்டடத்தில்தான் 1838ல் ஃபெர்டினாண்ட் ஃபான் செப்பலின் பிறந்தார் என்பதை இங்கே சொல்லாமல் விட மனம் வரவில்லை. அவர் பெயர் தாங்கிய வான்கப்பல்கள் 1915 ஜனவரியில் இங்கிலாந்தின் கிழக்குக் கரை ஊர்கள்மேல் குண்டு போட்டன.

ஊர் திரும்பும் வழியில் கொலோன் ரயில் நிலையத்தில் இரண்டு பேர் விடைபெற்றார்கள். ஒருவர் சீக்மண்ட்-ஷுல்ட்ஸே. மற்றவர் ஹென்றி ஹாட்ஜ்கின் என்ற ஆங்கிலேயக் குவேக்கர் மருத்துவர். நம் நாடுகள் சண்டை போட்டாலும் நமக்குள் போர் கிடையாது என்று கை கொடுத்துக்கொண்டு பிரிந்ததாக இருவரின் நண்பர்களும் காலம் முழுக்கச் சொல்லி வந்தார்கள்.

எல்லோரும் அப்படி இருக்கவில்லை. லண்டனுக்கு வந்து நட்புரை ஆற்றிய ஹார்னாக், அக்டோபரில் ஜெர்மன் படையின் நடத்தையை நியாயப்படுத்தி 93 அறிஞர்கள் வெளியிட்ட அறிக்கையில் கையெழுத்திட்டார். இங்கிலாந்திலும் நேற்றுவரை விருந்து வைத்தவர்கள் இன்று இது நீதிக்கான போர் என்று மேடையில் முழங்கினார்கள். பெர்லினுக்குத் தூது போன ஹால்டேன், 'ஜெர்மன் ஆள்' என்று பத்திரிகைகள் தூற்றியதில் 1915ல் பதவியை இழந்தார். காசல் குடியுரிமை பெற்ற அந்நியர், மன்னரின் ஆலோசனைக் குழுவில் இருக்கத் தகுதி இல்லை என்று வழக்கே போட்டார்கள். வழக்கு நிற்கவில்லை.

அப்படியானால் எல்லாம் வீண்தானா?

போரைத் தடுத்தார்களா என்று மட்டும் கேட்டால், ஆம், வீண். நான் அந்தக் கேள்வியை மட்டும் கேட்க மாட்டேன். போர் தொடங்கிய மறுநாள் இவர்கள் எங்கே இருந்தார்கள் என்றும் பார்க்க வேண்டும்.

லண்டனில் அதே ஆகஸ்டில் குவேக்கர்கள் ஓர் அவசர உதவிக் குழுவைத் தொடங்கினார்கள். திடீரென்று 'எதிரி' ஆகிவிட்ட ஜெர்மானியர்கள், ஆஸ்திரியர்கள், ஹங்கேரியர்களுக்காக. ரொட்டிக் கடைக்காரர், முடிதிருத்துபவர், ஓட்டல் பணியாளர் என்று சாதாரண ஆட்கள்தான். அன்றைய சட்டப்படி ஒரு பெண் யாரைக் கட்டிக்கொள்கிறாளோ அவனுடைய நாடே அவளுக்கும் நாடு. லண்டனிலேயே பிறந்து வளர்ந்த பெண், ஜெர்மானியரைக் கட்டியதால் எதிரி நாட்டவள். புருஷனை முகாமில் அடைத்துவிட்டார்கள். வாடகை கட்ட வழி இல்லை. வேலை தர ஆள் இல்லை. அந்த வீடுகளுக்குப் போய் வந்தார்கள் இந்தக் குழுவினர். அயர்லாந்துக் கடலில் உள்ள மான் (Isle of Man) தீவின் நாக்கலோ முகாமில் 20,000 பேருக்கு மேல் இருந்தார்கள். சும்மா உட்கார்ந்தே மனம் கெட்டுப்போகும் என்று அங்கே மரவேலை, கூடை பின்னல் எல்லாம் ஏற்பாடு செய்தார்கள்.

பெர்லினில் இதன் மறுபாதி நடந்தது. சீக்மண்ட்-ஷுல்ட்ஸேயும் எலிசபெத் ராட்டன் என்ற பெண்மணியும், ஜெர்மனியில் மாட்டிக்கொண்ட அந்நியர்களுக்காக ஓர் உதவி நிலையம் திறந்தார்கள். பெர்லின் ஓரத்தில் ரூலேபன் குதிரைப் பந்தய மைதானத்தில் 4,000க்கும் மேற்பட்ட ஆங்கிலேயர்களை அடைத்து வைத்திருந்தார்கள். குதிரை கட்டும் ஒவ்வொரு தடுப்புக்குள்ளும் ஆறு பேர் படுக்க வேண்டும். அந்த மைதானத்தில் இருந்தவர்களுக்கு வெளியே தெரிந்த முகங்களில் இவர்கள் முகமும் ஒன்று. பெர்லினில் ஒரு ஆங்கிலேயருக்குச் செய்யும் உதவியைக் காட்டி லண்டனில் ஒரு ஜெர்மானியருக்கு வாங்கித் தரலாம், லண்டனில் செய்வதைக் காட்டி பெர்லினில். விருந்துகளில் பழகிய பழக்கம் இப்படித்தான் கைகொடுத்தது.

ஹாட்ஜ்கின் 1914 டிசம்பரில் கேம்பிரிட்ஜில் சுமார் 130 பேரைக் கூட்டி, போரை ஏற்காதவர்களுக்கான சமரச இயக்கத்தைத் தொடங்கினார். அது இன்றும் பல நாடுகளில் இருக்கிறது.

இரண்டாவது சுற்று

போருக்குப் பிறகு மறுபடியும் சங்கங்கள். 1929 வாக்கில் வந்த ஆங்கிலோ-ஜெர்மன் கழகத்துக்குத் தலைவர் ரெடிங் பிரபு. நம் நாட்டில் 1921 முதல் 1926 வரை வைஸ்ராயாக இருந்தாரே, அவர்தான். அவர் யூதர். 1933ல் ஹிட்லர் வந்ததும் யூத உறுப்பினர்களை என்ன செய்வது என்ற பேச்சு எழுந்து, 1935ல் கழகமே கலைந்தது.

அதே 1935ல் லண்டனில் ஆங்கிலோ-ஜெர்மன் தோழமைக் கழகமும், பெர்லினில் அதற்கு ஜோடியாக ஜெர்மன்-ஆங்கிலச் சங்கமும் முளைத்தன. பெயர் கிட்டத்தட்ட பழையதே. விருந்து, வருகை, பத்திரிகை எல்லாம் பழையவையே. ஆனால் பெர்லின் பக்கம் இருந்தது ஹிட்லரின் தூதர் ரிப்பன்ட்ராப்பின் நிழலில் நடந்த சங்கம். 1908ல் இரண்டு பக்கமும் அரசைச் சாராத ஆட்கள். இப்போது ஒரு பக்கம் அரசின் கை. அந்த அரசோடு ஒத்துப்போகாத ஜெர்மானியருக்கு மேசையில் இடமே இல்லை. சீக்மண்ட்-ஷுல்ட்ஸேயைத்தான் 1933லேயே நாடு கடத்திவிட்டார்களே, யூதர்களுக்கு உதவினார் என்பதற்காக. இந்த வகைச் சங்கம் எதைப் பார்த்தாலும் நான் முதலில் கேட்பது இதைத்தான்: எதிர்ப் பக்கத்தில் உட்கார்ந்திருப்பவர் தன் அரசைக் குறை சொல்லிவிட்டுப் பத்திரமாக வீட்டுக்குப் போக முடியுமா?

லண்டன் கழகத்துக்குத் தலைவர் மவுண்ட் டெம்பிள் பிரபு. 1912ல் தூது போன எர்னஸ்ட் காசலின் மருமகன். காசல் யூதக் குடும்பத்தில் பிறந்தவர். மவுண்ட் டெம்பிளின் மகள்தான் எட்வினா, நமக்குக் கடைசி வைஸ்ராய் மவுண்ட்பேட்டனின் மனைவியாகத் தெரிந்தவர். 1938 நவம்பரில் ஜெர்மனி முழுக்க யூதர்களின் கடைகளும் தொழுகைக் கூடங்களும் அடித்து நொறுக்கப்பட்ட பிறகு மவுண்ட் டெம்பிள் பதவி விலகினார். இதே கழகத்தில் கிம் ஃபில்பி என்ற இளைஞரும் சுற்றிக்கொண்டிருந்தார். அவர் சோவியத் உளவுத்துறையின் ஆள். தன்னை வலதுசாரியாகக் காட்டிக்கொள்ளப் போட்ட வேஷம் அது.

1937ல் அட்மிரல் பாரி டோம்வில் 'லிங்க்' என்று இன்னொன்று தொடங்கினார். ஒருகாலத்தில் பிரிட்டிஷ் கடற்படை உளவுத்துறைக்கே தலைவராக இருந்தவர். சாதாரண மக்கள் சேரக்கூடிய சங்கம். உறுப்பினர்கள் 4,000 பேருக்கு மேல் சேர்ந்தார்கள். ஜெர்மன் மக்களின் நட்பு என்று பெயர், நடந்தது பெரும்பாலும் நாஜி ஆட்சிக்கு வக்காலத்து. போர் வந்ததும் மூடினார்கள்.

1940 ஜூலையில் டோம்வில் கைதானார். நம்மூர் மிசா மாதிரி, விசாரணை இல்லாமல் உள்ளே வைக்கிற போர்க்காலச் சட்டத்தில். மூன்று வருடம் பிரிக்ஸ்டன் சிறை. சீக்மண்ட்-ஷுல்ட்ஸே அப்போது சுவிட்சர்லாந்தில் இருந்தார், ஜெர்மனியிலிருந்து தப்பி வந்தவர்களுக்கு உதவிக்கொண்டு.